கணக்குக்குக் கண்ணே சாட்சி

பாகான் டத்தோவில் சூரியன் உச்சிக்கு வரும்போது கடிகாரம் 12 காட்டுவதில்லை. ஆண்டு முழுவதற்கும் சராசரி பார்த்தால் மதியம் 1.17 காட்டும். பேராக் ஆறு மலாக்கா நீரிணையில் கலக்கும் இந்த ஊர், கிரீன்விச்சுக்குக் கிழக்கே ஏறக்குறைய 100 பாகை 47 கலையில் இருக்கிறது. மலேசியக் கடிகாரமோ 120 பாகைக்கு உரிய நேரத்தைக் காட்டுகிறது. 1982 ஜனவரி 1-க்கு முன் தீபகற்ப மலேசியாவின் நேரம் அரை மணி பிந்தியிருந்தது. அப்போது தென்னந்தோட்டங்களில் தேங்காய் உரித்தவர்களுக்கு உச்சி வெயில் 12.47-க்கு அடித்தது. வானத்தில் எதுவும் மாறவில்லை. கடிகார முள்ளைத்தான் நகர்த்தினார்கள்.

தமிழ்நாட்டு நாட்காட்டித் தாளில் திங்கட்கிழமை ராகு காலம் 7.30 முதல் 9.00 வரை என்று அச்சாகியிருக்கும். அதன் விதி எளியது. உதயம் முதல் அத்தமனம் வரையுள்ள பகலை எட்டாகப் பங்கிட வேண்டும். திங்களுக்கு இரண்டாவது பங்கு. உதயம் 6 மணி என்று வைத்துக்கொண்டால்தான் 7.30 வரும். பாகான் டத்தோவில் சராசரி உதயம் 7.14 அளவில். அந்த விதியையே இங்கே பொருத்தினால் இரண்டாம் பங்கு 8.45-க்குத் தொடங்கி 10.16-க்கு முடியும். ராகு காலத்தை நம்புவதும் நம்பாததும் வேறு பேச்சு. பார்க்கிறவர் அதன் சொந்த விதிப்படி பார்க்க வேண்டுமானால், தாளில் உள்ள நேரம் இந்த ஊருக்குப் பொருந்தாது.

இந்தத் திருத்தத்துக்குப் பழைய நூல்களில் பெயர் உண்டு: தேசாந்தரம். பூமி உருண்டை என்று ஏற்ற கணிதர்கள் உஜ்ஜயினி வழியாகத் தெற்கே போகும் கோட்டை நடுக்கோடாக வைத்தார்கள். அதற்குக் கிழக்கே ஒவ்வொரு பாகைக்கும் 4 நிமிடம் கூட்ட வேண்டும், மேற்கே கழிக்க வேண்டும். உஜ்ஜயினிக்கும் பாகான் டத்தோவுக்கும் இடையில் 25 பாகை. அதாவது 100 நிமிடம். நாழிகைக் கணக்கில் 4 நாழிகை 10 விநாழிகை. ஆயிரத்து ஐந்நூறு ஆண்டுகளுக்கு முந்திய விதி இன்றும் பிசகாமல் வேலை செய்கிறது.

இந்த விதி மட்டும் அல்ல. ஒவ்வொரு தமிழ் வீட்டிலும் தொங்கும் பஞ்சாங்கத்துக்குப் பின்னால் இடைக்காலத்து அறிவியல் ஒன்று இருக்கிறது. கணக்குப் போட்டு, வானத்தோடு ஒப்பிட்டு, பிழை கண்டால் கணக்கைத் திருத்திய அறிவியல் அது. அதைச் சோதிடத்தோடு சேர்த்துக் கட்டிப் பரணில் போட்டுவிடுவது அநியாயம்.

நிலவின் சீரற்ற நடை

பஞ்சாங்கம் கணிப்பவருக்கு முதல் தலைவலி நிலவு. சூரியனை விட்டு நிலவு 12 பாகை விலகுவதற்கு ஆகும் நேரம் ஒரு திதி. நிலவு ஒரே வேகத்தில் நடந்தால் எல்லாத் திதியும் 23 மணி 37 நிமிடத்தில் முடிந்துவிடும். ஆனால் நிலவு ஒரு நாளில் சில சமயம் 12 பாகைக்குள்ளே நடக்கிறது, சில சமயம் 15 பாகையைத் தாண்டுகிறது. பூமிக்கு அருகில் வரும்போது ஓட்டம், தொலைவில் போகும்போது தளர்ச்சி. அதனால் ஒரு திதி 20 மணிக்கும் குறைவாக இருக்கலாம், 26 மணியைத் தொடவும் செய்யலாம்.

ஒரு தளர்ச்சியிலிருந்து அடுத்த தளர்ச்சி வரை 27 நாளும் 13 மணியும் சொச்சமும் ஆகும். முழு நாளாக வராத இந்த எண்ணை வைத்துக்கொண்டு அட்டவணை எழுத முடியாது. ஆனால் ஒன்பது சுற்றைச் சேர்த்தால் 248 நாள் வருகிறது; குறைவு வெறும் 13 நிமிடம். ஆகவே 248 நாளுக்கு நிலவு இருக்கும் இடத்தை ஒருமுறை கணித்து வைத்துவிட்டால், அதையே திரும்பத் திரும்பப் பயன்படுத்தலாம். அந்த 13 நிமிடம் சேர்ந்து வளராமல் இருக்க 3,031 நாள் கொண்ட 110 சுற்று, 12,372 நாள் கொண்ட 449 சுற்று என்று பெரிய வட்டங்களும் உண்டு.

இந்த 248 இந்திய மண்ணில் மட்டும் முளைத்ததன்று. கிறித்துவுக்கு முந்திய நூற்றாண்டுகளைச் சேர்ந்த பாபிலோனியக் களிமண் பலகைகளிலும் அதே எண் இருக்கிறது. அங்கிருந்து கிரேக்க, ரோமானிய உலகத்தின் வழியே இந்தியாவுக்கு வந்து, கேரளத்திலும் தமிழகத்திலும் கடைசி வரை புழக்கத்தில் நின்றது. இரவல் என்று இதற்காக வெட்கப்பட வேண்டியதில்லை. வந்த எண்ணை வைத்து இங்கே என்ன கட்டினார்கள் என்பதில்தான் பெருமை இருக்கிறது.

கட்டியது வாக்கியம். 248 நாளுக்கு 248 சிறு சொற்றொடர். ஒவ்வொன்றும் ஓர் எண். கடபயாதி என்ற முறையில் ஒவ்வொரு மெய்யெழுத்துக்கும் ஓர் இலக்கம் உண்டு. சொல்லை எழுத்தெழுத்தாக எண்ணாக்கி, பின்னிருந்து முன்னாகப் படிக்க வேண்டும். 248 நாள் வட்டத்துக்குத் ‘தேவரம்’ என்று பெயர். அந்தப் பெயரே எண்தான்: தே என்றால் 8, வ என்றால் 4, ர என்றால் 2. திருப்பிப் படித்தால் 248. ஓலை செல்லரிக்கும், தீப்பிடிக்கும், வெள்ளத்தில் போகும். மனப்பாடமான சொற்றொடர் போகாது. இந்த வாக்கியங்களை இயற்றியவர் வரருசி என்பது மரபு. இன்றும் ‘வாக்கியப் பஞ்சாங்கம்’ என்று சொல்லும்போது அந்தச் சொற்றொடர்களின் பெயரையே தமிழர் சொல்கிறார்கள்.

அடித்தளக் கணக்கு ஆரியபடருடையது. 499-ஆம் ஆண்டைச் சுட்டும் அவருடைய ஆரியபடீயம், பூமி தன்னைத்தானே சுற்றுகிறது என்றது. நிலவின் மேல் விழும் பூமியின் நிழலே சந்திர கிரகணம் என்று சொல்லி அந்த நிழலின் அளவைக் கணக்கிட்டது. பூமி சுழல்கிறது என்பதைப் பின்வந்த உரையாசிரியர்கள் பலர் ஏற்கவில்லை. நிழல் கணக்கை ஏற்றார்கள், ஏனென்றால் அது பலித்தது.

கடலோரத்தில் ஐம்பத்தைந்து ஆண்டு

பலித்த கணக்கும் நாளடைவில் பிசகும். ஆண்டுக்குச் சில நொடிப் பிழை இருந்தாலும் சில நூற்றாண்டில் அது கண்ணுக்குத் தெரியும் பிழையாகிவிடும். கிரகணம் இந்த நாழிகையில் பிடிக்கும் என்று கணிதர் சொல்லி, ஊரே குளக்கரையில் காத்திருக்க, நிழல் ஒரு நாழிகை கழித்து வந்தால் என்ன செய்வது? சாத்திரத்தை மதித்து வானத்தைக் குறை சொல்லலாம். அல்லது சாத்திரத்தைத் திருத்தலாம். இரண்டாவது வழியைத் துணிந்து எடுத்தவர்கள் கேரளத்தில் நிளா ஆற்றங்கரையை ஒட்டி வாழ்ந்த ஒரு குரு மரபினர்.

இதற்கு முன்னோட்டமாக 683-ஆம் ஆண்டிலேயே ஹரிதத்தர் பரஹிதம் என்ற திருத்த முறையைக் கொண்டுவந்திருந்தார். 14-ஆம் நூற்றாண்டில் சங்கமகிராமத்து மாதவர் தோன்றினார். காலம் ஏறக்குறைய 1340 முதல் 1425 வரை. நிலவின் வாக்கியங்களை அவர் கலையோடு நிறுத்தாமல் அதன் அறுபதிலொரு பங்கான விகலை வரை துல்லியமாக்கினார். வேண்வாரோஹம் என்ற நூலில் ஒரு நாளில் ஒன்பது முறை, அதாவது 2 மணி 40 நிமிடத்துக்கு ஒருமுறை, நிலவின் இடத்தைச் சொல்ல வழி செய்தார். வேண்வாரோஹம் என்றால் மூங்கில் ஏறுதல்; கணு கணுவாகக் கால் வைத்து ஏறுவதுபோல் நாளின் ஒவ்வொரு பங்கிலும் நிலவைப் பிடிக்கும் முறை.

வட்டத்தின் சுற்றளவுக்கும் விட்டத்துக்கும் உள்ள விகிதம் அவருக்குத் தேவைப்பட்டது. 4-இலிருந்து 4-இன் மூன்றிலொரு பங்கைக் கழி, ஐந்திலொரு பங்கைக் கூட்டு, ஏழிலொரு பங்கைக் கழி என்று முடிவில்லாமல் போனால் அந்த விகிதம் கிடைக்கும் என்று கண்டவர் மாதவர் என்று அவருடைய மரபினர் எழுதி வைத்திருக்கிறார்கள். ஐரோப்பாவில் கிரெகரியும் லைப்னிட்சும் 1670-களில் இதே தொடருக்கு வந்து சேர்ந்தார்கள். தொடர் அழகானது, ஆனால் மிக மெதுவானது. நூறு உறுப்பைக் கூட்டினாலும் 3.13 என்றுதான் நிற்கும். நிறுத்திய இடத்தில் ஒரு சிறு திருத்தத்தைச் சேர்த்தால் அதே உழைப்பில் பல இலக்கம் சரியாகும் என்பதும் அந்த மரபின் கண்டுபிடிப்பே. விட்டம் 9,00,00,00,00,000 ஆனால் சுற்றளவு 28,27,43,33,88,233 என்று மாதவர் சொன்ன கணக்கை வகுத்துப் பார்த்தால், தசமப் புள்ளிக்குப் பின் 11 இலக்கத்துக்கு முழுமையாக்கும்போது இன்றைய மதிப்போடு ஒத்துப்போகிறது.

மாதவரின் மாணவர் வடசேரி பரமேசுவரர். அவர் ஊர் ஆலத்தியூர், நிளா ஆறு அரபிக்கடலில் சேரும் இடத்துக்கு அருகில். 55 ஆண்டுகள் அவர் வானத்தைப் பார்த்துக் கணக்கோடு ஒப்பிட்டார் என்று பின்வந்த நீலகண்டர் எழுதுகிறார். 1393 முதல் 1432 வரை தாம் கண்ட கிரகணங்களைப் பரமேசுவரரே நூலில் பதிந்திருக்கிறார். கருவி எதுவென்றால் சமதரையில் நட்ட ஒரு குச்சி. அதற்குச் சங்கு என்று பெயர். உயரம் 12 அங்குலம். பகலும் இரவும் சமமான தினத்து நடுப்பகலில் அதன் நிழல் ஆலத்தியூரில் 2.3 அங்குலம் விழும், காஞ்சியில் 2.7 அங்குலம் விழும். அதே குச்சியைப் பாகான் டத்தோவில் நட்டால் நிழல் ஓர் அங்குலம்கூட இராது, 0.8 அங்குலம்தான். பூமத்திய ரேகைக்கு 4 பாகையே வடக்கு என்பதை அந்தச் சிறு நிழல் சொல்லிவிடும். வீட்டு முற்றத்தில் யாரும் செய்து பார்க்கலாம்.

தாம் கண்டதற்கும் பரஹிதக் கணக்குக்கும் ஒத்துவராததைக் கண்ட பரமேசுவரர் 1431-இல் புதிய முறையை எழுதினார். அதற்கு அவர் வைத்த பெயர் திருக்கணிதம், வடமொழியில் த்ருக்கணிதம். த்ருக் என்றால் பார்வை. பார்வைக்கு ஒத்த கணிதம் என்று பொருள். தமிழில் ‘திரு’ என்று மருவியதால் அது ஏதோ மங்கல அடைமொழி என்று பலர் நினைக்கிறார்கள். கண்ணே சாட்சி என்ற கொள்கை அந்தப் பெயருக்குள் இருக்கிறது. ஏறக்குறைய அதே ஆண்டுகளில் சமர்கந்து நகரில் உலுக் பேக் என்ற மன்னர் மாபெரும் வான்நோக்ககம் கட்டி, 1437-இல் விண்மீன் அட்டவணையை முடித்தார். ஒருவரிடம் அரண்மனைச் செல்வம், மற்றவரிடம் ஆற்றங்கரையும் குச்சியும். இருவரும் கேட்ட கேள்வி ஒன்றே.

பரமேசுவரரின் மகன் தாமோதரரிடம் படித்தவர் நீலகண்ட சோமயாஜி, 1444-இல் பிறந்தவர். நூறாண்டு வாழ்ந்ததாக மரபு. 1500-ஐ ஒட்டி முடித்த தந்திரசங்கிரகத்தில் புதன், வெள்ளி இரண்டின் நடைக்கான பழைய கணக்கை மாற்றியமைத்தார். ஐந்து கோள்களும் சூரியனைச் சுற்றுகின்றன, சூரியன் பூமியைச் சுற்றுகிறது என்ற வடிவத்துக்கு அவருடைய பிற நூல்கள் வந்து சேர்கின்றன. டென்மார்க்கின் டைக்கோ பிராகே 1588-இல் இதைப் போன்ற அமைப்பை வெளியிட்டார். கோப்பர்னிக்கசின் நூல் 1543-இல் வந்தது. கேரளத்தவர் பூமியை நடுவிலிருந்து நகர்த்தவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும்.

அவருடைய ஜோதிர்மீமாம்சை அளவில் சிறியது, துணிவில் பெரியது. வானியல் தெய்வம் அருளியது, அதைச் சோதிப்பது தகாது என்று சொல்வோருக்கு அதில் மறுப்பு இருக்கிறது. அருள் என்பது நல்ல புத்தி. கணக்கைத் தருவது நெடுங்காலப் பார்வையும் அனுமானமும் என்பது நீலகண்டரின் நிலை. ஒரு காலத்தில் பொருந்திய சித்தாந்தம் இன்னொரு காலத்தில் பொருந்தாது. அந்தந்தத் தலைமுறை கிரகணத்தைப் பார்த்துத் திருத்திக்கொள்ள வேண்டும் என்கிறார். சடங்குகளில் ஊறிய ஒரு வேள்வி அந்தணர் இதை எழுதினார் என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும். நம்பிக்கையும் ஆராய்ச்சியும் ஒரே வீட்டில் குடியிருந்தன.

1530-ஐ ஒட்டி ஜேஷ்டதேவர் யுக்திபாஷையை எழுதினார். அது வடமொழியில் இல்லை, மலையாள உரைநடையில். விதியைச் சொல்லிவிட்டுப் போகாமல் அது ஏன் உண்மை என்று படிப்படியாக விளக்கும் நூல். முடிவில்லாத் தொடருக்கான நிரூபணம் வீட்டுமொழியில் எழுதப்பட்டதற்கு இணையான வேறொன்றை அந்தக் காலத்தில் தேடுவது கடினம்.

தமிழகமும் இந்த உரையாடலில் இருந்தது. 1300 அளவில் காஞ்சியோடு தொடர்புடைய வாக்கியகரணம் என்ற நூல்தான் தமிழ்நாட்டு வாக்கியப் பஞ்சாங்கங்களின் அடிப்படை. அதற்கு உரை எழுதிய சுந்தரராஜர் தமிழ்நாட்டவர், நீலகண்டரின் காலத்தவர். அவர் வானியல் ஐயங்களை எழுதியனுப்ப, நீலகண்டர் விடைகளைத் தனி நூலாகவே எழுதினார். மலையைத் தாண்டி ஓலையில் நடந்த கேள்வி பதில் அது.

புதுச்சேரித் தரையில் சோழிகள்

1768-இல் கீயோம் லெ ஜான்தீ என்ற பிரெஞ்சு வானியலாளர் புதுச்சேரியில் வந்திறங்கினார். சூரியனை வெள்ளி கடப்பதைப் பார்க்க 1761-இலேயே வந்தவர்; ஆங்கிலேயர் ஊரைப் பிடித்திருந்ததால் இறங்க முடியவில்லை, ஆடும் கப்பலில் அளவெடுக்கவும் முடியவில்லை. அடுத்த கடப்பு எட்டாண்டு கழித்து. காத்திருந்தார். 1769 ஜூன் 4 காலையில் சரியாக அந்த நேரம் மேகம் மூடிவிட்டது. ஊர் திரும்பியபோது அவர் இறந்துபோனதாக எண்ணி அறிவியல் கழகத்தில் அவருடைய இடத்தையும் வேறொருவருக்குக் கொடுத்திருந்தார்கள். ஆனால் அந்தக் காத்திருப்பில் அவர் வேறொன்று கற்றார். எழுதுகோலைத் தொடாமல், தரையில் சோழிகளை வரிசை வரிசையாக வைத்து நகர்த்தியே கிரகணம் கணிக்கும் தமிழர்களைப் பார்த்து, அவர்களிடம் பாடம் கேட்டார். 1765 ஆகஸ்டு 30 சந்திர கிரகணத்தை எடுத்துச் சோதித்தார். தமிழ்க் கணக்கில் கிரகணம் நீடித்த நேரம் 41 விநாடி குறைந்திருந்தது. ஐரோப்பாவின் சிறந்த அட்டவணையான தொபியாஸ் மேயருடையதில் 68 விநாடி கூடியிருந்தது.

அரை நூற்றாண்டுக்குப் பின் ஜான் வாரன் வந்தார். பிரெஞ்சுப் பின்புலம் கொண்டவர், ஆங்கிலேயப் படை அதிகாரி, கோலார்ப் பகுதித் தங்கத்தைப் பற்றி அறிக்கை தந்தவர், சென்னை வான்நோக்ககத்தைச் சில ஆண்டுகள் கவனித்தவர். 1825-இல் சென்னையில் வெளிவந்த அவருடைய காலசங்கலிதம் தென்னிந்திய நாட்கணக்கை விரித்துரைக்கிறது. அவரும் புதுச்சேரியில் ஒரு பஞ்சாங்கக் கணிதரைச் சந்தித்தார். 1825 மே 31 இரவின் சந்திர கிரகணத்தை அந்தக் கணிதர் சோழிகளாலும் மனப்பாடத்தாலும் கணித்துக் காட்டினார்.

அந்த நாளுக்குரிய வாக்கியத்தைத் தேடும் முதற்படியை இன்றும் போட்டுப் பார்க்கலாம். கலியுகத் தொடக்கத்திலிருந்து அன்று காலை வரை கழிந்த நாள் 17,99,312. இதிலிருந்து 1282-ஆம் ஆண்டில் விழும் ஒரு மூல நாளின் எண்ணான 16,00,984-ஐக் கழித்தால் மீதி 1,98,328. இதில் 12,372 பதினாறு முறை போகும், மீதி 376. அதில் 3,031 போகாது. 248 ஒரு முறை போகும், மீதி 128. ஆக 128-ஆம் வாக்கியத்தை மனத்திலிருந்து எடுத்தால் நிலவின் இடம் கைக்கு வரும். அதோடு சில கூட்டல், கழித்தல். ஏழு இலக்க எண்ணைத் தரையில் சோழியாகப் பரப்பி, வகுக்க வகுக்கச் சோழிகளைக் கையால் அள்ளிக் குறைத்து, கடைசியில் 128 மட்டும் மிஞ்சி நிற்கும் காட்சியை எண்ணிப் பார்த்தால் அந்த உழைப்பின் அருமை புரியும்.

முடிவு எப்படி இருந்தது? தொடக்கத்தில் 4 நிமிடப் பிழை, நடுவில் 23, முடிவில் 52. லெ ஜான்தீ கண்ட துல்லியம் இல்லை. கணக்கு ஏன் அப்படி என்பதும் அந்தக் கணிதருக்குத் தெரியாது. நினைவாற்றலும் ஒழுங்கும் மட்டுமே அவருடையவை என்று வாரன் குறித்திருக்கிறார். அவரை ஏளனம் செய்ய ஒன்றுமில்லை. கணித வரலாற்றாளர் ஆட்டோ நாய்கபவர் 1952-இல் தமிழ் வானியல் என்ற தலைப்பிலேயே கட்டுரை எழுதி, பாபிலோன் முதல் தொடரும் ஒரு கணித மரபு புதுச்சேரித் தரையில் உயிரோடு இருந்ததைக் காட்டினார். ஆனால் நீலகண்டர் வற்புறுத்திய பாதி அங்கே உதிர்ந்துவிட்டது. விடை மிஞ்சியது, கேள்வி போய்விட்டது.

ஏன் போயிற்று? இந்த மரபு சில குடும்பங்களுக்குள் ஓலையில் வாழ்ந்தது, அச்சு இல்லை. கண்ணைத் தாண்டிய கருவி இல்லை. ஐரோப்பாவில் 1608 முதல் தொலைநோக்கி இருந்தது. எல்லாவற்றையும்விட, வானியலின் வேலை நாள் குறிப்பது என்று இங்கே வரம்பு கட்டிக்கொண்டார்கள். நிலவு எங்கே இருக்கும் என்பதை மாதவர் விகலை வரை சொன்னார். அது ஏன் அப்படி நடக்கிறது என்பதற்கு 1687-இல் நியூட்டன் ஈர்ப்பைக் கொண்டு விடை தேடினார். அந்தக் கேள்வி எழும்பியதும் பாதை பிரிந்தது. யுக்திபாஷையில் காரணம் கேட்கும் பழக்கம் இருந்தது. அது கணிதத்தைத் தாண்டி இயக்கத்துக்குப் போகவில்லை. சார்லஸ் விஷ் என்ற கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி 1830-களில் இந்த நூல்களைப் பற்றி எழுதியும் உலகம் காதில் வாங்கவில்லை. 1940-களில் சி. டி. ராஜகோபாலும், பின்னர் பதிப்பாசிரியர் கே. வி. சர்மாவும் உழைத்த பிறகுதான் மாதவரின் பெயர் உரிய இடத்துக்கு வந்தது.

இரண்டு பஞ்சாங்கம்

19-ஆம் நூற்றாண்டில் கணக்கும் வானமும் மீண்டும் மோதின. யாழ்ப்பாணம் வட்டுக்கோட்டை செமினரியில் டேனியல் பூவர் என்ற கிறித்துவப் பாதிரியார் வானியல் கற்பித்தார். 1829 மார்ச்சில் ஒரு சந்திர கிரகணத்துக்கு உள்ளூர்ப் பஞ்சாங்கம் சொன்ன நேரத்தை மறுத்து வேறு நேரம் சொல்லி, எல்லாரும் பார்க்க வானத்தையே நடுவராக வைத்தார். செமினரிக் கணக்கு வென்றது. அவருக்கு மதம் பரப்பும் நோக்கம் இருந்தது. என்றாலும் நிழல் எந்த நேரம் தொட்டது என்பதற்கு மதம் இல்லை.

சென்னையில் திருத்தம் உள்ளிருந்தே வந்தது. நுங்கம்பாக்கத்தில் 1792-இல் எழுந்த வான்நோக்ககத்தில் தமிழ் எழுத்து பொறித்த கருங்கல் தூண் இன்றும் நிற்கிறது. பஞ்சாங்கக் குடும்பத்தைச் சேர்ந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி அங்கே உதவியாளராகச் சேர்ந்து, 1867-இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தார். புதிய அட்டவணைகளைக் கொண்டு திருக்கணிதப் பஞ்சாங்கம் வெளியிட்டார். 1874 டிசம்பரில் வெள்ளி சூரியனைக் கடந்தபோது, அது என்ன நிகழ்வு என்று விளக்கும் சிறு நூலை இந்திய மொழிகளில் வரச் செய்தார். அவரைப் பண்டிதர்கள் பலர் எதிர்த்தார்கள். பரமேசுவரர் 1431-இல் செய்ததைத்தான் அவரும் செய்தார் என்பதை எதிர்த்தவர்கள் நினைக்கவில்லை.

வேறுபாடு எவ்வளவு என்று எண்ணாகப் பார்க்கலாம். வாக்கியக் கணக்கில் ஓராண்டு 365 நாள் 6 மணி 12 நிமிடம் 30 விநாடி. விண்மீன்களை வைத்து இன்று அளந்தால் 365 நாள் 6 மணி 9 நிமிடம் 10 விநாடி. ஆண்டுக்கு 3 நிமிடம் 20 விநாடி மிகை. 432 ஆண்டில் அது ஒரு முழு நாள். 499 முதல் இன்று வரை மூன்றரை நாள். பருவத்தோடு ஒப்பிட்டால் விலகல் இன்னும் பெரிது, ஏனென்றால் பூமியின் அச்சே மெல்லத் திரும்புகிறது. ஆரியபடர் காலத்தில் மேட ராசியில் சூரியன் நுழைந்தது மார்ச்சுச் சமஇரவை ஒட்டி. இன்று ஏப்ரல் 14-ஐ ஒட்டி. 1582-இல் ஐரோப்பாவில் இதே வகைப் பிசகைத் திருத்த ஒரே இரவில் பத்து நாளைத் தாண்டினார்கள்: அக்டோபர் 4-க்கு மறுநாள் அக்டோபர் 15. இந்தியாவில் மேகநாத் சாகா தலைமையிலான குழு 1950-களில் நாட்காட்டியை ஆராய்ந்தது. 1957 மார்ச் 22 முதல் தேசிய நாட்காட்டி நடப்புக்கு வந்தது. கோயிலும் வீடும் அதற்கு மாறவில்லை. இன்றும் தமிழ்நாட்டில் வாக்கியம், திருக்கணிதம் இரண்டும் விற்கின்றன, யாழ்ப்பாணத்திலும் அப்படியே. சில ஆண்டுகளில் குருப்பெயர்ச்சியும் சனிப்பெயர்ச்சியும் இரண்டு தேதிகளில் வருவது இதனால்தான்.

மலேசியத் தமிழருக்கு இன்னொரு சிக்கல் கூடுகிறது. திதி முடியும் கணம் உலகம் முழுவதற்கும் ஒன்றே. உதயமும் அத்தமனமும் ஊருக்கு ஊர் வேறு. சென்னையைவிடப் பாகான் டத்தோவில் சூரியன் சராசரியாக 82 நிமிடம் முன்னதாக உதிக்கிறது. உதயத்தில் எந்தத் திதியோ அதுவே அன்றைய திதி என்பது விதி. அந்த 82 நிமிட இடைவெளிக்குள் ஒரு திதி முடிந்து அடுத்தது தொடங்கினால், சென்னைக்கு ஒரு திதி, பாகான் டத்தோவுக்கும் அருகிலுள்ள தெலுக் இந்தானுக்கும் ஹூத்தான் மெலிந்தாங்குக்கும் வேறு திதி. மாதப் பிறப்பும் அப்படியே: அத்தமனத்துக்கு முன் சூரியன் ராசி மாறினால் அன்றே மாதம் பிறக்கும், பின் மாறினால் மறுநாள். இந்தியாவில் அச்சான பஞ்சாங்கத்தில் இரண்டரை மணி கூட்டினால் போதும் என்று எண்ணுவது கடிகாரத்தைச் சரிசெய்யும், நாளைச் சரிசெய்யாது. உள்ளூர் உதயத்தை வைத்துக் கணிக்க வேண்டும்.

2025 செப்டம்பரில் வந்த முழுச் சந்திர கிரகணம் இதற்குத் தெளிவான பாடம். தமிழ்நாட்டில் அது 7-ஆம் தேதி ஞாயிறு இரவு 9.57-க்குத் தொட்டது, பாகான் டத்தோவில் அதே கணம் 8-ஆம் தேதி திங்கள் அதிகாலை 12.27. நிழல் மிக ஆழமாக விழுந்த நேரம் மலேசியக் கடிகாரத்தில் 2.12. அதில் 1 மணி 17 நிமிடத்தைக் கழித்தால் ஊரின் சொந்த நேரம் 12.55. உஜ்ஜயினியின் சொந்த நேரம் அப்போது இரவு 11.15. இரண்டுக்கும் இடையில் சரியாக 100 நிமிடம். 4 நாழிகை 10 விநாழிகை.